சொல்லை நம்பித்தான் வாழ்கிறோம்

உங்கள் பிறந்த நாள் உங்களுக்கு எப்படித் தெரியும்? பிறப்புப் பத்திரத்தில் இருக்கிறது என்பீர்கள். அந்தப் பத்திரத்தில் எழுதிய அதிகாரிக்கு எப்படித் தெரியும்? மருத்துவமனையில் சொன்னார்கள், அப்பா சொன்னார். நாம் பிறந்ததை நாம் பார்க்கவில்லை. நம்மைப் பற்றிய முதல் செய்தியே அடுத்தவர் வாய்ச்சொல்லாகத்தான் நமக்குக் கிடைத்தது.

என் தாத்தா ‘ரஜூலா’ கப்பலில் வந்து இறங்கியவர். குளுவாங் பக்கம் ஒரு ரப்பர் தோட்டத்தில் பால்மரம் வெட்டியவர். அந்தக் கப்பலை நான் பார்த்ததில்லை. அந்தத் தோட்டமும் இன்று செம்பனைக் காடாகிவிட்டது. ஆனாலும் தாத்தா ரஜூலாவில் வந்தார் என்பது எனக்குத் ‘தெரியும்’ என்றுதான் சொல்கிறேன். ‘அப்படி நம்புகிறேன்’ என்று இழுப்பதில்லை. பாட்டி சொன்னார், எனக்குத் தெரியும், அவ்வளவுதான்.

பிறர் சொல்லக் கேட்டதை அறிவு என்று சொல்லலாமா, அல்லது அது வெறும் நம்பிக்கைதானா? சொல் எப்படிப் பொருளைக் காட்டுகிறது? அதைக் கேட்கும்போது நம் மனத்துக்குள் என்ன நடக்கிறது? இந்தக் கேள்விகளுக்கே தம் வாழ்நாளைக் கொடுத்த ஓர் அறிஞரின் நூல்களைக் கடந்த ஓராண்டாகப் படித்து வருகிறேன். அவர் பெயர் பிமல் கிருஷ்ண மதிலால்.

மொழித் தத்துவம், மனத் தத்துவம் என்றதும் பக்கத்தைப் புரட்டிவிட வேண்டாம். நம் ஊர்த் தேநீர்க் கடையிலும் குடும்பப் புலனக் குழுவிலும் அன்றாடம் நடக்கிற விஷயங்கள்தான் இவை.

யார் இந்த மதிலால்?

மதிலால் 1935இல் மேற்கு வங்காளத்தின் ஜயநகரில் பிறந்தவர். கல்கத்தாவில் சமஸ்கிருதம் படித்து, அங்குள்ள சமஸ்கிருதக் கல்லூரியில் 1957 முதல் 1962 வரை ஆசிரியராக இருந்தார். அந்தக் காலத்தில், பழைய முறையில் பாடம் சொல்லும் பண்டிதர்களிடம் அமர்ந்து ‘நவ்ய நியாயம்’ என்னும் தருக்கத்தைக் கற்றார். பிறகு அமெரிக்காவின் ஹார்வர்டு பல்கலைக்கழகத்துக்குப் போனார். அங்கே சமஸ்கிருதப் பேராசிரியர் டேனியல் இங்கல்ஸ் அவருக்கு வழிகாட்டி. அதே வளாகத்தில், மொழித் தத்துவத்தில் உலகப் புகழ்பெற்ற குவைனிடமும் பாடம் கேட்டார். 1965இல் முனைவர் பட்டம் பெற்று, கனடாவின் தொரொந்தோ பல்கலைக்கழகத்தில் பணியாற்றினார்.

1976இல் ஆக்ஸ்போர்டு பல்கலைக்கழகத்தின் ஸ்பால்டிங் பேராசிரியர் பதவி அவரைத் தேடி வந்தது. இந்தப் பதவியில் 1936இல் முதன்முதலாக அமர்ந்தவர் திருத்தணியில் பிறந்து, சென்னையில் படித்து, பின்னாளில் இந்தியக் குடியரசுத் தலைவரான டாக்டர் இராதாகிருஷ்ணன். இருவரின் பாதையும் வேறு. இராதாகிருஷ்ணன் இந்தியச் சிந்தனையின் ஆன்மிகப் பக்கத்தை மேற்குலகுக்கு எடுத்துச் சொன்னார். மதிலாலோ, ‘இந்தியர்கள் தியானம் மட்டும் செய்துகொண்டிருக்கவில்லை, கடுமையாக வாதாடிக்கொண்டும் இருந்தார்கள்’ என்பதை நூல் நூலாக எடுத்துக் காட்டினார். ‘எல்லாம் நம் முன்னோர் அன்றே கண்டுபிடித்துவிட்டார்கள்’ என்ற மார்தட்டலும் அவரிடம் இல்லை. பழைய வாதம் எங்கே வலுவாக நிற்கிறது, எங்கே தடுமாறுகிறது என்று இரண்டையும் சொல்வார்.

1990இல் இந்திய அரசு அவருக்குப் பத்மபூஷண் விருது அளித்தது. 1991 ஜூன் மாதம், 56 வயதில், புற்றுநோயால் காலமானார்.

நான் வேலைக்காகத் தினமும் சிங்கப்பூருக்குப் போய் வருகிறவன். பாலத்தில் பேருந்து நகராமல் நிற்கும் நேரம்தான் எனக்குப் படிக்கும் நேரம். பிராஸ் பாசா வட்டாரத்தின் பழைய புத்தகக் கடை ஒன்றில் மதிலாலின் ஒரு நூல் கிடைத்தது. ஒரு பக்கத்தைக் கடக்க இரண்டு நாள் ஆன சமயமும் உண்டு. ஆனால் அந்தப் பக்கம் மனத்தை விட்டுப் போகவில்லை.

தே ஓ கோசோங்கில் என்ன இருக்கிறது?

மதிலாலின் முதல் நூல் 1968இல் வந்தது. ஒரு நூல் முழுவதும் ‘இல்லை’ என்ற ஒரே சொல்லைப் பற்றியது. 14ஆம் நூற்றாண்டில் மிதிலையில் வாழ்ந்த கங்கேசரும், அவருக்குப் பின் வந்த ரகுநாதரும் இன்மையைப் பற்றி எழுதிய பகுதிகளை மொழிபெயர்த்து விளக்கியிருக்கிறார்.

நம் ஊர்க் கடையில், “அண்ணே, தே ஓ கோசோங் ஒன்னு, புங்குஸ்” என்கிறோம். ‘ஓ’ என்றால் பால் இல்லை. ‘கோசோங்’ என்றால் சர்க்கரை இல்லை. அதாவது இரண்டு ‘இல்லை’களைச் சொல்லிக் கேட்டு வாங்குகிறோம். சர்க்கரை போட்டுக் கொடுத்துவிட்டால் திருப்பிக் கொடுக்கிறோம். அப்படியானால் சர்க்கரை இல்லாமை என்பது ஒன்றுமில்லாததா, அல்லது உண்மையான ஒன்றா?

நியாய மரபினர் அது உண்மையான ஒன்றுதான் என்றார்கள். வெற்றிடமாகப் பொத்தாம்பொதுவாக ‘இல்லை’ என்று ஒன்று கிடையாது. எது இல்லை, எங்கே இல்லை என்று இரண்டையும் சொன்னால்தான் ‘இல்லை’ முழுமையாகும். இங்கே இல்லாதது சர்க்கரை. இல்லாத இடம் தேநீர். கோப்பையில் பெட்ரோலும் இல்லைதான். ஆனால் அதை யாரும் கேட்கவில்லை, யாரும் கவனிக்கவும் இல்லை. எதை எதிர்பார்த்துப் பார்க்கிறோமோ, அதன் இன்மைதான் நமக்குத் தென்படும். மேசையில் சாவி இருக்கிறதா என்று பார்க்கிறவருக்குத்தான் ‘சாவி இல்லை’ என்பது பளிச்சென்று தெரியும். மனம் உலகை எப்படிப் பிடிக்கிறது என்பதற்கு இது நல்ல எடுத்துக்காட்டு.

இந்த இன்மையை எப்படி அறிகிறோம் என்பதிலும் சண்டை உண்டு. சாவி இல்லாததைக் கண்ணாலேயே காண்கிறோம் என்றது நியாயம். இல்லை, இன்மையை அறிவதற்கென்று தனி வழி ஒன்று உண்டு என்றது குமாரில பட்டரின் மீமாம்சை மரபு.

நியாய மரபினர் இன்மையை இரண்டு பெரும் வகையாகவும் பிரித்தார்கள். ‘மேசையில் பேனா இல்லை’ என்பது ஒன்று. ஓரிடத்தில் ஒரு பொருள் இல்லாமை. ‘இது பேனா அல்ல’ என்பது மற்றொன்று. ஒரு பொருள் இன்னொரு பொருளாக இல்லாமை. முதலாவது இன்மை, இரண்டாவது வேறுபாடு. இந்தப் பக்கத்தைப் படித்தபோது பேருந்தில் நிமிர்ந்து உட்கார்ந்தேன். ‘இல்லை’, ‘அல்ல’ என்று தமிழ் இரண்டு சொல் வைத்திருக்கிறதே! இலக்கணம் இன்னும் நுட்பமாக, ஒருமைக்கு ‘அன்று’, பன்மைக்கு ‘அல்ல’ என்றும் பிரிக்கும். வீட்டுப் பேச்சில் எல்லாவற்றுக்கும் ‘இல்ல’ என்று ஒரே சொல்லால் தட்டிவிடுகிறோம். எழுதும்போது மட்டும் ஆசிரியர் சிவப்பு மையில் திருத்துவார். அந்தச் சிவப்பு மைக்குள் இவ்வளவு பெரிய தத்துவ வேறுபாடு இருக்கிறது.

சொற்கள் எப்படி வாக்கியமாகின்றன?

‘சொல்லும் உலகும்’ என்று தமிழில் சொல்லத்தக்க தலைப்பில் 1990இல் வந்த நூல், மொழியைப் பற்றிய இந்தியச் சிந்தனைகளைத் தொகுத்துச் சொல்கிறது. அளவில் சிறியது, சாதாரண வாசகர் நுழையக்கூடியது.

சொற்களின் குவியல் எப்போது வாக்கியமாகிறது என்பது அதில் ஒரு கேள்வி. பழைய ஆசிரியர்கள் மூன்று தேவைகளைச் சொன்னார்கள். முதலாவது, ஒரு சொல் அடுத்த சொல்லை அவாவி நிற்க வேண்டும். ‘அம்மா கடைக்கு...’ என்று நிறுத்தினால் கேட்பவர் மனம் அடுத்த சொல்லுக்குக் காத்திருக்கிறது அல்லவா, அந்தக் காத்திருப்பு. இரண்டாவது, பொருள்கள் ஒன்றோடொன்று பொருந்த வேண்டும். ‘நெருப்பால் நனைத்தான்’ என்றால் இலக்கணம் சரி, பொருள் பொருந்தாது. மூன்றாவது, சொற்கள் அடுத்தடுத்து வர வேண்டும். காலையில் ‘சோறு’ என்று சொல்லி மாலையில் ‘போடு’ என்றால் யாருக்கும் தட்டு வராது.

குழந்தை மொழி கற்பது பற்றிய பகுதிதான் என்னை அதிகம் கவர்ந்தது. மீமாம்சையினர் சொல்லும் காட்சி இது. பெரியவர் ஒருவர், “பசுவைக் கொண்டு வா” என்கிறார். இளையவர் போய்ப் பசுவை ஓட்டி வருகிறார். பக்கத்தில் ஒரு குழந்தை பார்த்துக்கொண்டிருக்கிறது. பிறகு, “பசுவைக் கட்டு”, “குதிரையைக் கொண்டு வா” என்று பெரியவர் சொல்லச் சொல்ல, எந்தச் சொல் மாறும்போது எந்தச் செயல் மாறுகிறது என்று குழந்தை தானே பிரித்துக்கொள்கிறது. யாரும் அதற்கு அகராதி கொடுக்கவில்லை. வாக்கியம்தான் முதலில் வருகிறது. சொல் அதிலிருந்து பிரித்தெடுக்கப்படுகிறது.

இதிலிருந்து மூன்று கட்சிகள் பிறந்தன. ஒவ்வொரு சொல்லும் தன் பொருளைத் தனியே தரும், பிறகு அவை சேர்ந்து வாக்கியப் பொருளாகும் என்றார் 7ஆம் நூற்றாண்டின் குமாரிலர். மற்றச் சொற்களோடு சேர்ந்த நிலையில்தான் ஒரு சொல் பொருளே தரும் என்றார் பிரபாகரர். இவர்களுக்கு முன்பே, ஏறத்தாழ 5ஆம் நூற்றாண்டில், ‘வாக்கியபதீயம்’ எழுதிய பர்த்ருஹரி இன்னும் ஒரு படி மேலே போனார். பிரிக்க முடியாத முழு வாக்கியம்தான் உண்மை, சொல் என்பது இலக்கண ஆசிரியர் வசதிக்காக வெட்டிக்கொண்ட துண்டு என்பது அவர் கட்சி.

இது ஏட்டுச் சண்டை என்று தோன்றலாம். வீட்டில் சிறு பிள்ளை இருப்பவர்கள் யோசித்துப் பாருங்கள். தமிழ் கற்பிக்க நாம் என்ன செய்கிறோம்? படம் காட்டி, ‘இது மாடு, இது ஆடு’ என்று சொற்பட்டியல் மனப்பாடம் செய்விக்கிறோம். பிள்ளைக்கு நூறு சொல் தெரியும், ஒரு வாக்கியம் வராது. மீமாம்சைக் குழந்தை கற்ற இடம் வேறு. பெரியவர்கள் தமக்குள் தமிழில் பேசி, வேலை செய்துகொண்டிருந்த முற்றம் அது. பிள்ளையிடம் தமிழ் பேசினால் மட்டும் போதாது. பிள்ளையின் காதுபட அம்மாவும் அப்பாவும் தமக்குள் தமிழில் பேச வேண்டும்.

கண்ணுக்குள் சொல் இருக்கிறதா?

1986இல் வந்த, புலனறிவு பற்றிய நூல்தான் மதிலாலின் மிகப் பெரிய முயற்சி. நாம் காண்பது உலகையா, அல்லது மனம் கட்டிய படத்தையா என்ற கேள்வியை வைத்து, பௌத்தர்களுக்கும் நியாய மரபினருக்கும் பல நூற்றாண்டுகள் நடந்த வாதத்தை அது விரிக்கிறது.

பௌத்தத் தருக்கத்தின் தந்தை எனப்படும் திக்நாகர், காஞ்சிபுரத்துக்கு அருகில் பிறந்தவர் என்பது திபெத்திய மரபு. உண்மையான காட்சியில் சொல் கலப்பதில்லை என்பது அவர் கருத்து. ‘இது மாம்பழம்’ என்ற பெயரை மனம் பிறகுதான் ஒட்டுகிறது. பர்த்ருஹரியோ, சொல் கலவாத அறிவே கிடையாது என்றார். பிற்கால நியாய மரபினர் நடுவே நின்றார்கள்: பெயரிடாத முதல் காட்சி ஒன்று உண்டு, பெயரோடும் தன்மையோடும் கூடிய இரண்டாம் காட்சியும் உண்டு, இரண்டும் உண்மையான காட்சிகள்தான், இரண்டும் உலகைத்தான் காட்டுகின்றன.

ஜோகூரில் இருப்பவர்களுக்கு இதை விளக்குவது எளிது. நம் மாநிலத்தில் சாலைப் பெயர்ப்பலகைகளிலும் அலுவலக வாசல்களிலும் ஜாவி எழுத்தைக் காண்கிறோம். அது படிக்கத் தெரியாத எனக்கு வளைகோடுகளும் புள்ளிகளும்தான். பக்கத்தில் நிற்கும் மலாய் நண்பருக்கு அதே பலகை ஒரு பெயராகத் தெரிகிறது. அவர் முதலில் கோட்டைப் பார்த்து, பிறகு யோசித்துப் பெயரைக் கண்டுபிடிப்பதில்லை, பார்த்தவுடன் பெயர்தான். கோயில் வாசலில் தமிழ் எழுத்தைக் காணும்போது நிலைமை தலைகீழ். ஒரே வெளிச்சம், ஒரே மாதிரியான கண்கள், ஆனால் இரண்டு காட்சிகள். எழுத்தறிந்தவன் தன் எழுத்தை வெறும் கோடாகப் பார்க்க முயன்றால்கூட முடியாது. அப்படியானால் கற்ற மொழி நம் கண்ணுக்குள்ளேயே போய் உட்கார்ந்துவிடுகிறதா? இந்த இடத்தில் திக்நாகர் என்ன பதில் சொல்வார், நியாயம் என்ன மறுப்புச் சொல்லும் என்று இரு பக்கமும் நின்று வாதாடிக் காட்டுவதுதான் மதிலாலின் பாணி.

யார் சொன்னால் நம்பலாம்?

இனி, தொடக்கத்தில் கேட்ட கேள்விக்கு வருவோம். மதிலாலும் அரிந்தம் சக்ரவர்த்தியும் சேர்ந்து தொகுத்து, மதிலால் மறைந்தபின் 1994இல் வெளிவந்த நூல், சொல்வழி அறிவைப் பற்றியது. மேற்குத் தத்துவத்தில் நெடுங்காலம் இது தாழ்வாரத்தில்தான் இருந்தது. நேரில் கண்டால் அறிவு, காரணம் காட்டி ஊகித்தால் அறிவு, கேட்டது இரண்டாந்தரம். இந்தியாவிலோ, நம்பத்தக்கவரின் சொல்லும் காட்சியைப் போல ஒரு தனி அறிவு வழி என்று நியாய மரபு வாதாடியது. பௌத்தர்கள் இதை மறுத்தார்கள். சொன்னவர் நல்லவர், ஆகவே சொன்னது சரி என்று ஊகிக்கிறோம். அது ஊகம்தான், தனி வழியில்லை என்பது அவர்கள் கட்சி.

சரி, நம்பத்தக்கவர் யார்? நியாய சூத்திரத்துக்கு உரை எழுதிய வாத்ஸ்யாயனர் தரும் அடையாளம் மிகச் சுருக்கமானது. விஷயத்தை நேரே அறிந்திருக்க வேண்டும். அறிந்தபடியே சொல்ல விரும்ப வேண்டும். குலம், பட்டம், வயது எதுவும் கணக்கில்லை. முனிவருக்கும் சான்றோருக்கும் அந்நியருக்கும் இந்த அடையாளம் ஒன்றுதான் என்று அவரே சொல்லிவிடுகிறார்.

என் அத்தை ஒருவருக்குச் சென்ற ஆண்டு ஓர் அழைப்பு வந்தது. தாம் ஓர் அதிகாரி என்றும், அத்தையின் பெயரில் ஏதோ வழக்கு இருக்கிறது என்றும், உடனே ஒரு கணக்குக்குப் பணம் மாற்ற வேண்டும் என்றும் நல்ல மரியாதையான குரலில் ஒருவர் பேசினார். அத்தை தோட்டப் பள்ளியில் ஆறாம் வகுப்பு வரை படித்தவர். நிதானமாகக் கேட்டுவிட்டு, “தம்பி, நீங்க சொல்றது எனக்கு வேண்டியதா, உங்களுக்கு வேண்டியதா?” என்றாராம். அந்தப் பக்கம் கோபம் வந்தது. அத்தை தொலைபேசியை வைத்துவிட்டார். அவர் வாத்ஸ்யாயனரைப் படித்தவர் இல்லை. ஆனால் ‘அறிந்தபடியே சொல்ல விரும்ப வேண்டும்’ என்ற இரண்டாவது அடையாளத்தைத்தான் உரசிப் பார்த்தார். (இப்படிப்பட்ட மோசடியில் பணம் போய்விட்டால் உடனே அழைப்பதற்கு 2022 முதல் 997 என்ற எண் இருக்கிறது. வீட்டுப் பெரியவர்களுக்குச் சொல்லி வையுங்கள்.)

சொன்னது உண்மையாக இருந்தாலும் சொன்னவர் நம்பத்தக்கவராக இல்லாமல் போகலாம். பாரதப் போரில் அசுவத்தாமன் என்ற யானை கொல்லப்பட்டது உண்மை. அதைத் தருமர் சொன்ன விதத்தில், துரோணர் தம் மகன் இறந்துவிட்டான் என்று நினைத்து ஆயுதத்தைக் கீழே வைத்தார். சொல்லில் பொய் இல்லை. சொல்லும் விருப்பத்தில் பொய் இருந்தது. பாரதத்தின் இத்தகைய அறச்சிக்கல்களைப் பற்றியும் 1989இல் மதிலால் ஒரு தொகுப்பு நூல் கொண்டுவந்தார். புலனத்தில் பாதி வெட்டிய காணொளியை அனுப்புகிறவர்களும் தருமர் வழியில்தான் நடக்கிறார்கள். காணொளி உண்மைதான், வெட்டிய இடம்தான் பொய்.

தமிழில் இந்தப் பேச்சு இல்லையா?

இவற்றைப் படிக்கும்போது எனக்கு ஒரு குறை தோன்றியது. மதிலாலின் நூல்கள் பெரும்பாலும் சமஸ்கிருத நூல்களையே சுற்றி வருகின்றன. தமிழ் அங்கே அதிகம் பேசப்படவில்லை. அந்த வேலை நமக்காகக் காத்திருக்கிறது.

தொல்காப்பியச் சொல்லதிகாரத்தின் பெயரியலில், ஒரு சொல்லால் பொருளும் தெரியும், அந்தச் சொல்லே தன்னையும் காட்டும் என்ற கருத்து இருக்கிறது. ‘மாடு புல் தின்னும்’ என்கிறபோது விலங்கைச் சொல்கிறோம். ‘மாடு என்பதற்கு இரண்டு எழுத்து’ என்கிறபோது சொல்லைச் சொல்கிறோம். இந்த வேறுபாட்டை மேற்கின் தருக்கவியலார் 20ஆம் நூற்றாண்டில் மிகவும் வலியுறுத்தினார்கள். உரியியலில், ஒரு சொல்லுக்கு இந்தப் பொருள் ஏன் வந்தது என்ற காரணம் எளிதில் புலப்படாது என்ற கருத்தும் உண்டு.

மணிமேகலையின் 27ஆம் காதையில், வைதிகவாதி அறியும் வழிகளாகப் பத்து அளவைகளைப் பட்டியலிடுகிறார். அவற்றுள் ஆகமம் என்னும் சொல்வழி அறிவும் உண்டு, அபாவம் என்னும் இன்மையும் உண்டு. 29ஆம் காதையில் அறவண அடிகள், காட்சியும் கருத்தளவும் என்று அளவை இரண்டே என்கிறார். மேலே பார்த்த பௌத்தக் கட்சி அப்படியே இங்கே இருக்கிறது. 18ஆம் நூற்றாண்டில் சிவஞான முனிவர், அன்னம்பட்டரின் ‘தருக்க சங்கிரக’த்தைத் தமிழாக்கினார். வாதம் தமிழிலும் நடந்திருக்கிறது. நாம் அந்தக் காதைகளை, பரீட்சையில் வராது என்று தாண்டிவிடுகிறோம்.

அக்காவின் கேள்வி

கூலாயில் இருக்கும் என் அக்காவின் மகன் படிவம் நான்கில் படிக்கிறான். அக்கா ஒருநாள் அழைத்து, “தம்பி, எஸ்.பி.எம்.முக்கு இவனுக்குத் தமிழும் தமிழ் இலக்கியமும் வேணுமா? ஒன்பது பாடமே போதும்னு ட்யூஷன்ல சொல்றாங்க. தமிழ்ல ஒரு புள்ளி குறைஞ்சாலும் உபகாரச் சம்பளம் போயிடுமாம்” என்றார். இது லேசான கேள்வி இல்லை. மேடையில் நின்று, ‘தாய்மொழியைக் கைவிடாதீர்’ என்று முழங்குகிறவர்கள் அந்தப் பிள்ளையின் கட்டணத்தைக் கட்டப் போவதில்லை.

அந்த வார இறுதியில் போயிருந்தேன். பையன் முந்திக்கொண்டான். “மாமா, தமிழ்ல யோசிச்சாத்தான் யோசனையா?”

இல்லை என்றுதான் சொன்னேன். வங்காளி வீட்டில் பிறந்து, சமஸ்கிருதத்தில் கற்று, ஆங்கிலத்தில் எழுதினார் மதிலால். மொழி மாறியதால் அவர் சிந்தனை செத்துவிடவில்லை. ஒரு மொழியில் எழுந்த கேள்வியை இன்னொரு மொழிக்குக் கொண்டுபோக முடியும் என்பதுதான் அவர் வாழ்க்கையே. பிறகு ‘இல்லை’, ‘அல்ல’ கதையைச் சொன்னேன். அவன் சற்று யோசித்துவிட்டு, “மலாயிலயும் அப்படித்தானே மாமா? ‘தியாடா’ வேற, ‘புக்கான்’ வேற. ‘இனி புக்கான் பென்’னு சொல்லுவோம், ‘இனி தியாடா பென்’னு சொல்ல மாட்டோம்” என்றான்.

எனக்கு அது பெரிய மகிழ்ச்சி. ஒரே மொழிக்குள் இருப்பவனுக்கு, மீனுக்குத் தண்ணீர் போல, தன் மொழி கண்ணில் படுவதில்லை. இரண்டு மொழிகளை அருகருகே வைத்துப் பார்ப்பவனுக்குத்தான் வேறுபாடு தெரிகிறது. நம் பிள்ளைகளுக்கு மூன்று மொழிகள் இருக்கின்றன. அது தலைச்சுமை என்று நாம் பேசிப் பேசி, அவர்களையும் அப்படியே நினைக்க வைத்திருக்கிறோம். தமிழைக் கீழே வைத்துவிட்டால் அவன் சிந்தனை அழிந்துவிடாது. ஆனால் ஒப்பிட்டுப் பார்க்கும் மூன்று இடங்களில் ஒன்று மூடிப்போகும். நாளை அவன் மருத்துவனாகி, கேமரன்மலையிலோ கூலாயிலோ ஒரு மூதாட்டி ‘நெஞ்சு கரிக்குது’ என்று சொன்னால், அந்தச் சொல் காட்டும் வலி எது என்று அறிவதற்கும் அந்த இடம் வேண்டும்.

அவன் தமிழ்மொழிப் பாடத்தை எடுத்திருக்கிறான். இலக்கியம் பற்றி அந்த வீட்டில் பேச்சு இன்னும் ஓடிக்கொண்டிருக்கிறது. முடிவு அவர்களுடையது.

எதிலிருந்து தொடங்கலாம்?

படிக்க விரும்புகிறவர்களுக்கு என் அனுபவத்திலிருந்து ஓர் ஒழுங்கு சொல்கிறேன். முதலில் 1990இல் வந்த, சொல்லையும் உலகையும் பற்றிய நூல். தத்துவப் பின்னணி தேவையில்லை. ஒரு நாளைக்கு ஐந்து பக்கம் போதும். அடுத்து, பாரத அறச்சிக்கல் தொகுப்பு. கதை தெரிந்தவர்களுக்கு எளிது. மூன்றாவதாகப் புலனறிவு நூல். இதற்கு ஆறு மாதம் ஒதுக்குங்கள். 1968இல் வந்த இன்மை நூலைக் கடைசியில் வையுங்கள். அதில் பாதி, தருக்கக் குறியீடுகளோடு மல்லுக்கு நிற்க வேண்டியது. பல்கலைக்கழக நூலகங்களில் கேட்டுப் பாருங்கள்.

கூடவே மணிமேகலையின் 27, 29 ஆகிய இரண்டு காதைகளையும் உரையோடு வைத்துக்கொள்ளுங்கள். உரைநூலுக்கு அதிகம் செலவாகாது. இரண்டையும் மாறி மாறிப் படித்தால் ஒன்று மற்றொன்றுக்கு விளக்கம் எழுதுவதுபோல் இருக்கும். துணைக்கு வீட்டில் பதினாறு வயதுப் பிள்ளை ஒன்று இருந்தால் இன்னும் நல்லது. நாம் கேட்கத் தயங்குகிற கேள்வியை அது கேட்டுவிடும்.